பீலித் தண்ணீரும் பெருங்கடலும்

வாசகர் கேள்வி – பதில்

உலகப் பெருங்கடல் தினம் ஜூன் 8ஆம் திகதி வருவதை முன்னிட்டு, கடலைப் பற்றிய நூல்களைக் குறித்துச் சென்ற இதழில் நான்கு வரிகள் எழுதியிருந்தேன். மலைநாட்டு வாசகர்கள் அதைக் கண்டுகொள்ளமாட்டார்கள் என்றுதான் நினைத்தேன். வந்த கடிதங்கள் என் நினைப்பைப் பொய்யாக்கின. ஆகவே இம்முறை வேறு கேள்விகளை ஒத்திவைத்து, இதற்கே பக்கத்தை ஒதுக்குகிறேன்.

கேள்வி: ஐயா, தலவாக்கலைக்கு அருகே ஒரு தோட்டப் பாடசாலையில் ஒன்பதாம் தரத்துக்குக் கற்பிக்கிறேன். நூலகத்துக்குக் கிடைத்த சிறு தொகையில் கடல் பற்றிய நூல்கள் சில வாங்கலாம் என்று சொன்னபோது, "கடலையே காணாத பிள்ளைகளுக்குக் கடல் புத்தகம் எதற்கு?" என்று சக ஆசிரியர் ஒருவர் கேட்டார். என் வகுப்பில் பாதிப்பேருக்கு மேல் கடலைக் கண்டதில்லை என்பது உண்மைதான். எந்த நூலில் இருந்து தொடங்குவது?
– ஆசிரியை, தலவாக்கலை

பதில்: உங்கள் சக ஆசிரியருக்கு மறுமொழி சொல்லத் தகுந்தவர் ராச்சல் கார்சன். ஆங்கிலத்தில் கடலைப் பற்றி எழுதியவர்களுள் அவருக்கு நிகராகச் சொல்ல எனக்கு வேறொருவர் தோன்றவில்லை. அவர் 1907இல் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில், கடலிலிருந்து வெகு தொலைவில், ஓர் ஆற்றங்கரைச் சிற்றூரில் பிறந்தவர். பட்டப்படிப்பை முடித்துவிட்டு, 1929ஆம் ஆண்டின் கோடையில் வூட்ஸ் ஹோல் என்னும் ஊரிலுள்ள ஆய்வுகூடத்துக்குப் பயிற்சிக்குப் போனபோதுதான் அவர் முதன்முதலாகக் கடலைக் கண்டார். அப்போது அவருக்கு வயது 22. அதுவரை அவர் அறிந்திருந்தது புத்தகத்தில் படித்த கடலைத்தான். உங்கள் மாணவர்களுக்கு அந்த வயது வர இன்னும் எட்டு ஆண்டுகள் இருக்கின்றன.

அவர் கடலைப் பற்றி மூன்று நூல்கள் எழுதினார். முதலாவதான ‘அண்டர் தி சீ-விண்ட்’ 1941 நவம்பரில் வெளிவந்தது. அடுத்த மாதமே பேர்ள் துறைமுகத் தாக்குதல் நிகழ்ந்து அமெரிக்கா போரில் இறங்கியதால், அந்த நூலைக் கவனிப்பார் இல்லாமற் போயிற்று. 1951இல் வந்த ‘தி சீ அரவுண்ட் அஸ்’ அதற்கு நேர்மாறாக 86 வாரங்கள் அதிகம் விற்கும் நூல்களின் பட்டியலில் நின்று, அவரை அரச உத்தியோகத்தை விட்டு முழுநேர எழுத்தாளராக்கியது. மூன்றாவது, 1955இல் வந்த ‘தி எட்ஜ் ஒஃப் தி சீ’, கரையோரத்து உயிர்களைப் பற்றியது. பெயர் பெற்றது இரண்டாவது நூல்தான் என்றாலும், நான் உங்களுக்குச் சொல்வது யாரும் கவனிக்காமல் விட்ட முதலாவது நூலின் கடைசிப் பகுதியை.

அந்தப் பகுதி ஒரு விலாங்கின் கதை. உள்நாட்டுக் குளமொன்றில் ஆண்டுக்கணக்காக வளர்ந்த விலாங்கு, இலையுதிர்காலத்து மழையிரவு ஒன்றில் ஓடையில் இறங்கி, ஆற்றோடு சென்று, கடலுக்குள் புகுந்து, தான் பிறந்த ஆழத்தைத் தேடிப்போய் முட்டையிடுகிறது. அதன் குஞ்சுகள் கண்ணாடித் துண்டுகள்போல் உருமாறி மீண்டும் ஆறுகளைத் தேடி வருகின்றன. இது அத்திலாந்திக் கடலின் கதையானாலும் நமக்கு அந்நியமானதன்று. "மீனுக்குத் தலையும் பாம்புக்கு வாலும் காட்டும் விலாங்கு" என்று நாம் பழமொழி சொல்லும் அதே குடும்பத்து மீன்கள் இலங்கை ஆறுகளிலும் உண்டு; அவையும் இந்து சமுத்திரத்தில் பிறந்து ஆற்றில் ஏறி வருபவையே. பழமொழியில் பாடத்தைத் தொடங்கி, கடலிலிருந்து மகாவலியில் ஏறிவர முனையும் ஒரு விலாங்குக் குஞ்சின் முன்னால் ரந்தெனிகலை, விக்டோரியா, கொத்மலை என்று ஒன்றன்பின் ஒன்றாக அணைகள் நிற்பதைப் படத்தில் காட்டிப் பாருங்கள். தலவாக்கலையில் மேல் கொத்மலை அணையை நாள்தோறும் கடந்து பாடசாலைக்கு வரும் பிள்ளைகளுக்கு வேறு விளக்கம் தேவைப்படாது.

‘தி சீ அரவுண்ட் அஸ்’ நூலை வாங்குவதானால் ஓர் எச்சரிக்கை. கண்டத்தட்டுகள் நகர்கின்றன என்னும் கோட்பாடு அறிவியலில் நிலைபெற்றது 1960களில். ஆகவே கடல்தளம் உருவான விதம் பற்றி அந்நூல் கூறுவதை அப்படியே பாடமாக்கக் கூடாது. 1961ஆம் ஆண்டுப் பதிப்பைத் தேடி வாங்குங்கள். கடலில் கொட்டப்பட்டுவந்த அணுக்கழிவைக் குறித்துக் கார்சன் அதற்கு எழுதிய புதிய முன்னுரை, அடுத்த ஆண்டு பூச்சிகொல்லிகளைப் பற்றி அவர் எழுதி உலகை உலுக்கிய நூலுக்கு முன்னோடி போன்றது. ஆங்கிலம் ஒன்பதாம் தரத்துக்குக் கடினம்தான். நீங்கள் வாசித்துத் தமிழில் கதையாகச் சொல்ல வேண்டும். அதற்குக் குறுக்குவழி எதுவும் எனக்குத் தெரியவில்லை.

கடைசியாக, கரும்பலகைக்கு ஒரு கணக்கு. நம் நாட்டின் மிக உயர்ந்த மலையான பீதுருதாலகாலையின் உயரம் 2,524 மீற்றர். கடலின் சராசரி ஆழமோ ஏறத்தாழ 3,700 மீற்றர். பீதுருவைத் தூக்கிக் கடலில் வைத்தால், உச்சிக்கு மேல் இன்னும் எவ்வளவு தண்ணீர் நிற்கும் என்று பிள்ளைகளே கண்டுபிடிக்கட்டும்.

கேள்வி: கடலைக் காக்கச் சொல்லிக் கடற்கரையில் இருப்பவர்களிடம் பேசுவது முறை. தோட்டத்து லயத்தில் இருக்கும் எங்களிடம் அதைச் சொல்வதில் என்ன பொருத்தம் இருக்கிறது?
– தோட்டத் தொழிற்சங்கப் பணியாளர், மஸ்கெலியா

பதில்: உங்கள் லயத்துப் பீலியில் (நீர்க்குழாயில்) விழும் தண்ணீர் மஸ்கெலி ஓயாவில் சேர்ந்து மவுசாக்கலை நீர்த்தேக்கத்துக்குள் போகிறது. காசல்ரீ வழியாக வரும் கெஹெல்கமு ஓயாவும் அதுவும் கித்துல்கலைப் பக்கம் ஒன்றாகிக் களனி கங்கை என்ற பெயர் பெறுகின்றன. அந்தக் கங்கை ஏறத்தாழ 145 கிலோமீற்றர் ஓடிக் கொழும்பு மட்டக்குளியில் கடலில் விழுகிறது. மலையின் மறுபக்கத்துத் தண்ணீர் 335 கிலோமீற்றர் நீளமான மகாவலியாகித் திருகோணமலைக்குத் தெற்கே கொட்டியாரக் குடாவை அடைகிறது. ஆகவே கடலுக்கும் உங்களுக்கும் இடையில் இருப்பது தூரம் மட்டுமே.

மேட்டுநிலத்தில் மண்ணுக்கு மேல் இட்ட உரம் மழையில் கரைந்து ஆற்றோடு போகும்போது, அதிலுள்ள நைதரசன் கடலின் நுண்பாசிகளுக்கு உணவாகிறது. பாசி அளவுக்கு மீறிப் பெருகி, மடிந்து, அடியில் அழுகும்போது தண்ணீரிலுள்ள ஒட்சிசனை எடுத்துவிடுகிறது. அதனால் மீன்கள் மூச்சுத் திணறிச் சாகின்றன அல்லது அவ்விடத்தை விட்டு ஓடிவிடுகின்றன. அமெரிக்காவின் மிசிசிப்பி ஆறு மெக்சிக்கோ வளைகுடாவில் விழும் இடத்தில் ஆண்டுதோறும் கோடையில் இப்படியொரு ‘இறந்த வலயம்’ உண்டாகிறது. உலகெங்கும் 400க்கும் மேற்பட்ட இடங்களில் இது நிகழ்வதாக 2008இலேயே கணக்கெடுத்தார்கள். உரத்தோடு இறங்கும் செம்மண் இன்னொரு தொல்லை. கலங்கிய நீர் வெளிச்சத்தை மறைப்பதால், தன் உடலில் குடியிருக்கும் பாசியின் உணவை நம்பி வாழும் பவளப்பூச்சி பட்டினி கிடக்க நேர்கிறது. இவற்றை விரிவாக அறிய விரும்பினால் கலம் ரொபர்ட்ஸ் எழுதிய ‘ஓஷன் ஒஃப் லைஃப்’ என்ற 2012ஆம் ஆண்டு நூலைப் படியுங்கள். கடலுக்கு வரும் கேடுகளில் பெரும்பகுதி தரையிலிருந்தே வருகிறது என்பதை அதைவிடத் தெளிவாகச் சொன்ன நூலை நான் கண்டதில்லை.

உங்கள் கேள்வியின் அடியில் இருக்கும் கோபமும் எனக்குப் புரியாமலில்லை. எந்த மலைக்கு எத்தனை மூட்டை உரம் என்று தீர்மானிப்பவர் கொழுந்து பறிக்கும் பெண் அல்லர். லயத்துக் குப்பை ஓடைக்குப் போகிறது என்று முகம் சுழிப்பவர்கள், 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டம் தோட்டக் குடியிருப்புகளுக்குச் சேவை வழங்கச் சபைகளுக்கு இடங்கொடாமல் இருந்ததையும், அதைத் திருத்துவதற்கு 2018 வரை காத்திருக்க வேண்டியிருந்ததையும் நினைத்துப் பார்க்க வேண்டும். குப்பை வண்டி வராத இடத்தில் குப்பை எங்கே போகும்? கடலைக் காப்பது பற்றிய நூல்களில் பல இந்த இடத்தைத் தொடாமல் தாண்டிவிடுகின்றன. ‘நாம் அனைவரும்’ என்று எழுதி, பொறுப்பை எல்லோர் தலையிலும் சமமாகப் பகிர்ந்துவிடுகின்றன.

நம்முடைய நூலொன்று இதை எதிர்த்திசையில் இருந்து பார்த்திருக்கிறது. "நெடுங்கடலும் தன்நீர்மை குன்றும் தடிந்தெழிலி தான்நல்கா தாகி விடின்" என்பது வான்சிறப்பு அதிகாரத்துக் குறள். மேகம் கடலிலிருந்து எடுத்ததைத் திரும்பக் கொடாவிட்டால் கடலும் தன் இயல்பு குன்றும் என்பது பொருள். இயல்பு குன்றுதலாவது என்ன என்பதற்குப் பரிமேலழகர் உரை சொல்கிறார்: நீர்வாழ் உயிர்கள் பிறவாமையும் மணி முதலியன உண்டாகாமையும். ஆற்றுநீர் கடலின் உயிர்களுக்கு வேண்டும் என்பதை, உவர்ப்பையும் உரத்தையும் அளக்கும் கருவி எதுவும் இல்லாத காலத்தில் எழுதிவைத்திருக்கிறார்கள். தென்மேற்குப் பருவக்காற்று சமுத்திரத்திலிருந்து அள்ளிவந்து உங்கள் மலையில் கொட்டுவதை நீங்கள் திருப்பி அனுப்புகிறீர்கள். அது எந்த நிலையில் திரும்புகிறது என்பதுதான் இன்று மாறியிருக்கிறது.

கேள்வி: ஒரு மீனினம் அழிந்துபோகும் அளவுக்கு மனிதரால் பிடித்துவிட முடியுமா? அதைக் கதைபோல் சொல்லும் நூல் உண்டா?
– வங்கி ஊழியர், பண்டாரவளை

பதில்: மார்க் கேர்லான்ஸ்கி 1997இல் எழுதிய ‘கொட்’ என்னும் நூல், பெயருக்கேற்ப கொட் என்ற ஒரேயொரு மீனின் வரலாறு. 1883இல் இலண்டனில் நடந்த மீன்பிடிக் கண்காட்சியில், தோமஸ் ஹக்ஸ்லி என்ற பெரும் உயிரியலறிஞரே, கொட் போன்ற கடல்மீன் வளங்கள் வற்றாதவை என்று பேசினார். அப்போதிருந்த தோணிகளையும் வலைகளையும் வைத்துப் பார்த்தால் அவர் சொன்னதில் பெரிய பிழையில்லை. பின்னர் வந்த இயந்திர இழுவைப் படகுகளும், மீனைக் கடலிலேயே வெட்டி உறையவைக்கும் கப்பல்களும் அந்தக் கணக்கைக் குலைத்துவிட்டன. 1992 ஜூலையில் கனடா அரசாங்கம் நியூபவுண்ட்லாந்துக் கரைக்கு அப்பால் கொட் பிடிப்பதைத் தடைசெய்தபோது, 30,000க்கும் மேற்பட்டோர் ஒரே நாளில் தொழிலிழந்தனர். இரண்டாண்டுத் தடை என்றுதான் தொடங்கினார்கள். அது விலக்கப்பட்டது 2024இல், அதுவும் மிகச் சிறிய அளவு பிடிப்புக்கே.

நான் இந்த நூலை மலையக வாசகர்களுக்குச் சொல்வதற்கு இன்னொரு காரணமும் உண்டு. உப்பிட்டு உலர்த்திய கொட் மீனில் நல்லதை ஐரோப்பியச் சந்தைக்கு விற்றார்கள். உடைந்ததையும் சரியாகப் பதப்படாததையும் கரிபியன் தீவுகளின் கரும்புத் தோட்டங்களுக்கு, அங்கே அடிமைகளாக உழைத்தவர்களின் உணவாக அனுப்பினார்கள். அந்த அத்தியாயத்தைப் படித்த இரவில், எங்கள் வீட்டில் சம்பள நாளன்று மட்டும் வந்த வாளைக்கருவாட்டையும், மற்ற நாள்களில் தலையும் தூளுமாய் வந்த நெத்தலியையும் நினைத்துக்கொண்டேன். தோட்டம் எங்கே இருந்தாலும் அங்கே உழைப்பவனுக்குக் கடல் உலர்ந்த நிலையில்தான் வந்து சேர்ந்திருக்கிறது. கருவாட்டுக்கும் பெருந்தோட்டத்துக்கும் உள்ள உறவைப் பற்றித் தமிழில் ஒருவர் எழுதினால் நல்லது.

நம் நாட்டைப் பொறுத்தவரை, கடலடியை வழித்துச் செல்லும் இழுவை மடி மீன்பிடிமுறை 2017ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்தால் தடைசெய்யப்பட்டுள்ளது. பாக்கு நீரிணையில் அது முற்றாக நின்றுவிடவில்லை என்பதை நாளிதழ் படிப்பவர் எல்லோரும் அறிவர்.

கேள்வி: உயர்தரம் படிக்கிறேன் ஐயா. நீங்கள் சொல்லும் நூல்கள் எல்லாம் ஆங்கிலத்தில் இருக்கின்றன. தமிழில் ஒன்றுமே இல்லையா?
– மாணவி, பதுளை

பதில்: இருக்கின்றன, மகள். ஆனால் ஒரு வேறுபாட்டைக் கவனியுங்கள். தமிழில் கடற்கரை மக்களைப் பற்றிய இலக்கியம் செழித்திருக்கும் அளவுக்குக் கடலைப் பற்றிய அறிவியல் எழுத்து வளரவில்லை. ஆகவே முதலில் நாவல்களில் இறங்குவதே நல்லது.

வண்ணநிலவனின் ‘கடல்புரத்தில்’ சிறிய நாவல். இரண்டு நாளில் படித்து முடிக்கலாம். அதில் வரும் வல்லத்துக்காரர்களுக்கும் (நாட்டுப்படகு) லாஞ்சுக்காரர்களுக்கும் (இயந்திரப் படகு) இடையிலான பகை, மேலே கனடாவைப் பற்றி நான் எழுதியதன் சிற்றூர் வடிவம் என்று சொல்லலாம். ஆசிரியர் அதைச் சுற்றுச்சூழல் பிரச்சினை என்று பெயர் சூட்டாமல் மனிதர்களின் துயரமாகவே எழுதியிருப்பதுதான் அதன் வலிமை. ஜோ டி குரூஸின் ‘ஆழி சூழ் உலகு’ 2004இல் வந்த பெரிய நூல். 1933 முதல் 1985 வரை மூன்று தலைமுறைப் பரதவரின் வாழ்வைச் சொல்வது. கட்டுமரக்காரர்களின் பேச்சுவழக்கு முதல் ஐம்பது பக்கங்களில் உங்களைத் திணறடிக்கும். பொறுத்துக்கொண்டு தொடர்ந்தால், காற்றுக்கும் நீரோட்டத்துக்கும் மீனுக்கும் அவர்கள் வைத்திருக்கும் பெயர்களே ஓர் அறிவியல் அகராதி என்பது தெரியவரும். அதே ஆசிரியரின் ‘கொற்கை’ 2013ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதமி விருதைப் பெற்றது. இருப்பினும் முதலில் சொன்னதே என் தெரிவு. தகழியின் ‘செம்மீன்’ சுந்தர ராமசாமியின் மொழிபெயர்ப்பில் கிடைக்கும். நம் நாட்டில் செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ நெடுந்தீவுக் கடற்கரையைக் களமாகக் கொண்டது. கட்டுரைகள் வேண்டுமானால் வறீதையா கான்ஸ்தந்தினின் நூல்களைத் தேடுங்கள். அவர் கடற்கரைச் சமூகத்தில் பிறந்து விலங்கியல் கற்பித்தவர் ஆதலால், நான் மேலே சொன்ன குறையைத் தனியொருவராக ஓரளவு தீர்த்துவைத்திருக்கிறார்.

பதுளையில் இவை கிடைக்காவிட்டால், இலங்கைத் தமிழ் நூல்களுக்கு 2005இல் தொடங்கப்பட்ட ‘நூலகம்’ எண்ணிம நூலகத்தைக் கைப்பேசியிலேயே திறந்து பார்க்கலாம்.

கேள்வி: ஆர்தர் சி. கிளார்க் விண்வெளியைப் பற்றி மட்டும்தானே எழுதினார்? அவரையும் கடல் எழுத்தாளர் என்று சென்ற இதழில் குறிப்பிட்டிருந்தீர்களே?
– ஓய்வுபெற்ற தபாலதிபர், நுவரெலியா

பதில்: அவர் 1956இல் இலங்கையில் குடியேறியதற்குக் காரணமே நீருக்கடியில் நீந்துவதில் இருந்த மோகம்தான். 1957இல் வந்த ‘தி ரீஃப்ஸ் ஒஃப் தப்ரபேன்’ நம் கரையோரப் பவளப்பாறைகளைப் பற்றியது. போர்த்துக்கேயர் இடித்த கோணேசர் கோயிலின் தூண்கள் திருகோணமலைக் கடலடியில் கிடப்பதைக் கண்டதும் அக்காலத்திலேதான். 1964இல் வந்த இன்னொரு நூல், அவருடைய நண்பர் மைக் வில்சன் தென்கிழக்குக் கரைக்கு அப்பால் பெரிய பாசஸ் பாறையருகே, 1702ஆம் ஆண்டைச் சேர்ந்த முகலாய வெள்ளி நாணயங்களோடு மூழ்கியிருந்த கப்பலொன்றைக் கண்டெடுத்த கதை. இரண்டும் சுவையானவை.

ஆனால் அவற்றை இன்று வேறொரு காரணத்துக்காகவும் படிக்க வேண்டியிருக்கிறது. கிளார்க் வருணிக்கும் பவளப்பாறைகள் பின்னாளில் சுண்ணாம்புக்காக உடைக்கப்பட்டன. 1998இல் கடல் சூடேறியபோது வெளிறிப்போயின. தென்கரையில் பவளத்தை வெட்டியெடுத்திருந்த பெரலியப் பகுதியில் 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலை உட்புகுந்த தூரத்தையும், பவளப்பாறை எஞ்சியிருந்த அருகிலுள்ள ஹிக்கடுவையில் அது புகுந்த தூரத்தையும் ஒப்பிட்ட ஆய்வாளர்கள், பாறை இருந்த இடத்தில் அலையின் வலு பெரிதும் குறைந்திருந்ததைக் கண்டார்கள். ஆகவே அந்தப் பழைய பயணநூல் இப்போது இழப்பை அளக்கும் முழக்கோலாகவும் ஆகிவிட்டது.

டேனியல் பவுலி என்ற மீன்வள அறிஞர் 1995இல் இதற்கு ஒரு பெயர் கொடுத்தார். தமிழில் ‘நகரும் அளவுகோல்’ எனலாம். ஒவ்வொரு தலைமுறையும் தான் சிறுவயதில் கண்ட கடலையே இயல்பான கடல் என்று எண்ணிக்கொள்வதால், நூறாண்டில் எவ்வளவு குறைந்தது என்பது யாருக்கும் உறைப்பதில்லை என்பது அதன் சாரம். நுவரெலியாவின் பனிக்காலத்தைப் பற்றி உங்கள் வயதுக்காரர்களும் உங்கள் பேரப்பிள்ளைகளும் பேசிக்கொள்வதைக் கேட்டுப் பாருங்கள், விளங்கிவிடும்.

பழைய நூல்களைப் படிக்கும்போது ஒன்றை மறக்கக் கூடாது. கடல் நேசர் என்று உலகம் கொண்டாடும் ஜாக் கூஸ்தோ, 1956இல் வெளியிட்ட தம் புகழ்பெற்ற திரைப்படத்தில், ஒரு பவளப்பாறையில் எத்தனை மீன்கள் உள்ளன என்று எண்ணுவதற்காக வெடிவைக்கும் காட்சி இருக்கிறது. கடலைக் காக்க வேண்டும் என்று அவர் ஊர் ஊராகப் பேசியதெல்லாம் அதற்குப் பிறகுதான்.

கேள்வி: எக்ஸ்-பிரஸ் பேர்ள் கப்பல் எரிந்ததை எல்லோரும் மறந்துவிட்டோம். அதைப் பற்றி எதைப் படிக்கலாம்?
– கடை உரிமையாளர், அட்டன்

பதில்: 2021 மே மாதம் கொழும்புக்கு அப்பால் 1,486 கொள்கலன்களோடு தீப்பற்றிய அக்கப்பல் ஜூன் 2ஆம் திகதி மூழ்கத் தொடங்கியது. அதில் 25 தொன் நைத்திரிக் அமிலம் இருந்தது. ஆனால் நெடுங்காலம் நிற்கப்போவது ஏறத்தாழ 1,680 தொன் பிளாஸ்திக் மணிகளால் வந்த கேடு. உலகில் பதிவான இவ்வகைக் கசிவுகளில் அதுவே மிகப் பெரியது. பருப்பு அளவே உள்ள அந்த மணிகளை உருக்கித்தான் உங்கள் கடையில் சாமான் கட்டிக்கொடுக்கும் பொலித்தீன் பையையும் தண்ணீர்ப் போத்தலின் மூடியையும் செய்கிறார்கள். மீன்முட்டை என்று எண்ணி அதைக் கடலுயிர்கள் விழுங்குகின்றன.

முதலில் படிக்க வேண்டியது 2025 ஜூலையில் நம் உயர் நீதிமன்றம் அளித்த தீர்ப்பு. கப்பல் தரப்பினர் 100 கோடி அமெரிக்க டொலர் நட்டஈடு செலுத்த வேண்டும் என்று கூறும் அத்தீர்ப்பு, நடந்தவற்றை நாள்வாரியாக ஆராய்கிறது. சட்ட மொழியையும் மீறிப் பல பக்கங்கள் துப்பறியும் கதைபோல் விறுவிறுப்பாக இருக்கின்றன. பிளாஸ்திக் பற்றிப் பொதுவாக அறிய, சார்ள்ஸ் மூர் என்ற பாய்மரப் படகோட்டி 2011இல் எழுதிய ‘பிளாஸ்திக் ஓஷன்’ உதவும். 1997இல் பசுபிக்கின் நடுவே குப்பை மிதக்கும் பரப்பைக் கண்டு உலகுக்குச் சொன்னவர் அவர். அது நடந்து செல்லக்கூடிய குப்பைத் தீவு என்று பலர் நம்புகிறார்கள். உண்மையில் அது பெரும்பாலும் கண்ணுக்கு எளிதில் தெரியாத நுண்துணுக்குகள் தூவப்பட்ட நீர்ப்பரப்பு. அள்ளி எடுத்துவிட முடியாமல் இருப்பதற்கு அதுவே காரணம்.

கேள்வி: கடல் யாருக்குச் சொந்தம்?
– சட்டக்கல்வி மாணவர், கண்டி

பதில்: கரையிலிருந்து 12 கடல்மைல் வரை நாட்டின் ஆள்புலம், 200 கடல்மைல் வரை வளங்களின் மீது உரிமை, அதற்கு அப்பால் எவருக்கும் சொந்தமில்லை. இதை வகுத்த 1982ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் கடற்சட்ட உடன்படிக்கையில் 320 உறுப்புரைகள் உள்ளன. முழுவதையும் படிக்கும் பொறுமை எனக்கு இருந்ததில்லை. கடற்சூழலைப் பாதுகாப்பது நாடுகளின் கடமை என்று 192ஆம் உறுப்புரையில் தொடங்கும் பன்னிரண்டாம் பகுதியை மட்டும் படியுங்கள். அந்த மாநாட்டுக்கு 1973 முதல் 1980இல் இறக்கும் வரை தலைமை வகித்தவர் நம் நாட்டவரான ஷேர்லி அமரசிங்க என்பதை நம் பாடநூல்கள் இன்னும் உரக்கச் சொல்லலாம். எவருக்கும் சொந்தமில்லாத ஆழ்கடலின் உயிர்வளத்தைக் காக்கும் புதிய உடன்படிக்கை 2023இல் ஏற்கப்பட்டு, 2026 ஜனவரியில் நடைமுறைக்கு வந்திருக்கிறது.

கேள்வி: என் தகப்பனார் மண்டபம் முகாமில் இருந்து கப்பலேறி வந்தவர். ஒப்பந்தத்தில் என் அக்கா குடும்பம் தலைமன்னாரில் கப்பலேறிப் போனது; பிறகு நான் அக்காவைக் காணவில்லை. பேரன் உங்கள் பகுதியை வாசித்துக் காட்டினான். கடல் என்றால் எனக்கு அந்தத் துறைதான் நினைவுக்கு வருகிறது. கடல் அழகு என்று எழுதுகிற புத்தகங்களை என்னால் கேட்க முடியவில்லை.
– ஓய்வுபெற்ற கொழுந்துத் தொழிலாளி, ஹப்புத்தளை

பதில்: அம்மா, உங்களுக்கு நான் எந்த நூலையும் பரிந்துரைக்கப் போவதில்லை. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்றும், 3,00,000 பேரை இங்கே என்றும் எண்ணிப் பிரித்தது. இங்கேயா அங்கேயா என்று அந்தந்தக் குடும்பத்தின் நெஞ்சைக் கேட்டுப் போடப்பட்ட கணக்கல்ல அது. பழைய தமிழ் இலக்கணம் மலைக்குக் கூடலையும் கடலுக்கு இரங்கலையும் உரிப்பொருளாக வகுத்தது. கரையில் நின்று, போனவரை நினைத்து வருந்துவதே இரங்கல். மாணவர்களுக்கு நான் அதைப் பல ஆண்டுகள் கற்பித்தபோதும், தலைமன்னார்த் துறையை நினைத்து ஒருநாளும் கற்பிக்கவில்லை என்பது உங்கள் கடிதத்தைப் படித்த பிறகே எனக்கு உறைத்தது.

அந்தப் பயணத்தை, ரயில் ஏறிய நிலையம் முதல் அக்கா எடுத்துப்போன பெட்டி வரை, நீங்கள் சொல்லச் சொல்லப் பேரன் ஒரு கொப்பியில் எழுதட்டும். அதை எனக்கு அனுப்பச் சொல்லுங்கள். நான் படிக்க விரும்பும் கடல் நூல் அது.

கேள்வி: மீன்கள் தண்ணீர் குடிக்குமா?
– ஆறாம் தர மாணவன், பொகவந்தலாவை

பதில்: தம்பி, இவ்வளவு கடிதங்களில் உன்னுடையதுதான் எனக்கு அதிகம் பிடித்தது. கடல்மீன் குடிக்கும். கடல்நீர் அதன் உடலைவிட உவர்ப்பானது என்பதால், உடலிலுள்ள நீர் ஓயாமல் வெளியே கசிகிறது. அதை ஈடுகட்டக் கடல்நீரைக் குடித்து, மிகுதி உப்பைச் செவுள் வழியாக வெளியேற்றிவிடும். உங்கள் ஓயாவில் இருக்கும் மீனுக்கு நேர்மாறான தொல்லை. நன்னீர் தானாகவே அதன் உடலுக்குள் புகுந்துகொண்டே இருப்பதால், அது குடிப்பதே இல்லை எனலாம். நாள் முழுவதும் சிறுநீர் கழித்துக்கொண்டிருக்கும்.

விலாங்கோ இரண்டையும் அறிந்தது. ஆற்றில் இருக்கும் வரை குடிக்காமலே பல ஆண்டுகள் வாழ்ந்துவிட்டு, கடலுக்குள் இறங்கியதும் குடிக்கத் தொடங்கும்.